குரக்கன் விசுக்கோத்து உதிர்ந்து போகின்றது: எங்கே பிழை விடுகின்றேன்?

கொக்குவில் தாய் எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். எனக்கு இரண்டு பிள்ளைகள். மகள் தரம் 7, மகன் தரம் 3. பாடசாலை காலை ஏழரை மணிக்குத் தொடங்குவதால், ஆறரை மணிக்கு இருந்து பிட்டையோ இடியப்பத்தையோ சாப்பிட அவர்களுக்கு நேரமும் இல்லை, மனமும் இல்லை. கடையில் வாங்கும் கிறீம் விசுக்கோத்தில் இரண்டை எடுத்துத் தேத்தண்ணீரில் தோய்த்துவிட்டு ஓடுகின்றார்கள். பெட்டியில் சீனிக்கும் கொழுப்புக்கும் அச்சிட்டிருக்கும் சிவப்பு வட்டங்களைப் பார்த்த பிறகு, காலையில் வெறும் வயிற்றில் அவர்கள் அதைத் தின்பதை என்னால் பார்த்துக்கொண்டிருக்க முடியவில்லை. அதனால் எங்கள் ஊர்ச் சாமான்களைக் கொண்டு நானே விசுக்கோத்துச் செய்ய முடிவெடுத்தேன்.

நான் எடுத்த அளவு இது: குரக்கன் மா 200 கிராம், ஒடியல் மா 50 கிராம், ஆட்டா மா 50 கிராம், பட்டர் 75 கிராம், தண்ணீரில் கரைத்து வடித்த பனங்கட்டி 120 கிராம், அப்பச்சோடா ஒரு தேக்கரண்டி. மாமி சைவம் என்பதால் எங்கள் வீட்டில் முட்டை சேர்ப்பதில்லை. மேசையில் வைக்கும் சிறிய மின்சாரப் போறணையில் 180 பாகை செல்சியசில் இருபது நிமிடம் வேகவிட்டேன்.

மூன்று முறை செய்தும் சரிவரவில்லை. தட்டிலிருந்து எடுக்கும்போதே விசுக்கோத்து உதிர்ந்து போகின்றது. உதிராமல் மிஞ்சியவற்றைத் தின்றால் முதலில் ஒரு கைப்பும், பிறகு சவர்க்காரத்தை நாக்கில் வைத்தது போன்ற ஒரு சுவையும் வருகின்றது. பேணியில் போட்டு வைத்தால் மறுநாளே பதம் மாறி மெத்தென்று ஆகிவிடுகின்றது. மகன் ஒன்றைக் கடித்துவிட்டு, என் மனம் நோகக்கூடாது என்று பேசாமல் பைக்குள் வைத்துக்கொண்டு போனான். அதை மாலையில் சீருடை தோய்க்கும்போதுதான் கண்டேன். பிள்ளைகள் விரும்பித் தின்னக்கூடியதாக இதைச் செய்ய வழி உண்டா? அனுபவப்பட்டவர்கள் தயவுசெய்து சொல்லித் தாருங்கள்.

சுன்னாகம் வீட்டுப் போறணை எழுதியது:

வணக்கம் அக்கா. நான் ஆறு ஆண்டுகளாக வீட்டிலிருந்தே கேக்கும் விசுக்கோத்தும் செய்து கொடுத்து வருகின்றேன். குரக்கன் விசுக்கோத்தில் நீங்கள் சொன்ன குறைகள் எல்லாவற்றையும் நானும் கண்டிருக்கின்றேன், ஆகவே சற்று விரிவாகவே எழுதுகின்றேன்.

உதிர்வதற்குக் காரணம் உங்கள் கைப்பழக்கம் அன்று, மாவின் இயல்பு. கோதுமையில் இருக்கும் குளுட்டன் என்ற புரதம் தண்ணீர் பட்டுப் பிசையப்படும்போது வலைபோல் பின்னிக்கொண்டு மாவைப் பிடித்து வைக்கின்றது. குரக்கனிலும் ஒடியலிலும் அது அறவே இல்லை. உங்கள் கலவையில் 300 கிராம் மாவுக்கு 50 கிராம் ஆட்டா மாதான் இருக்கின்றது, முட்டையும் இல்லை. பிடித்து வைக்க எதுவுமே இல்லாத இடத்தில் விசுக்கோத்து உதிராமல் வேறு என்ன செய்யும்? கோதுமைக்கு எழுதிய குறிப்பில் மாவை மட்டும் மாற்றிப் போட்டால் குரக்கன் ஒருபோதும் இணங்காது. அதற்கு அதன் வழியிலேயே போகவேண்டும்.

அந்த வழி எங்கள் அடுப்படியில் ஏற்கெனவே இருக்கின்றது. இடியப்பத்துக்கு நாங்கள் ஏன் கொதிநீர் ஊற்றிக் குழைக்கின்றோம்? சூடு பட்டவுடன் மாச்சத்து தண்ணீரை உறிஞ்சிப் பசையாகி, குளுட்டன் செய்யும் வேலையைத் தான் செய்கின்றது. விசுக்கோத்துக்கும் அதையே செய்யுங்கள். எடுத்து வைத்த குரக்கன் மாவில் இரண்டு மேசைக்கரண்டியை, அதாவது ஏறத்தாழ 20 கிராமை, 80 மில்லிலீற்றர் பாலில் கட்டியில்லாமல் கரைத்து, இளஞ்சூட்டில் கிளறிக் களிபோல் இறக்கி ஆறவிடுங்கள். வேறு தண்ணீரோ பாலோ சேர்க்கவேண்டாம். முட்டை இல்லாத குறையை இந்தக் களி தீர்த்துவிடும்.

இப்போது நான் செய்யும் அளவைத் தருகின்றேன். களிக்கு எடுத்ததையும் சேர்த்துக் குரக்கன் மா 120 கிராம், ஆட்டா மா 150 கிராம், வறுத்துத் திரித்த பயத்தம் மா 30 கிராம், பட்டர் 100 கிராம், சீவிய பனங்கட்டி 90 கிராம், வறுத்த எள்ளு 30 கிராம், பேக்கிங் பவுடர் ஒன்றரைத் தேக்கரண்டி, ஒரு சிட்டிகை உப்பு, சிறிது ஏலக்காய்த் தூள். பட்டரையும் பனங்கட்டியையும் முதலில் நன்றாகக் குழைத்து, ஆறிய களியைச் சேர்த்து, அரிதட்டில் இரண்டு முறை அரித்த மாவையும் எள்ளையும் போட்டுத் திரட்டுங்கள். திரட்டிய மாவை மூடி அரை மணி நேரமாவது குளிர்சாதனப் பெட்டியில் வைக்கவேண்டும். எங்கள் வெக்கையில் பட்டர் உருகி ஓடாமல் இருப்பதற்கும், ஆட்டாவிலும் குரக்கனிலும் உள்ள தவிடு ஈரத்தை மெல்ல உறிஞ்சி இளகுவதற்கும் அந்த நேரம் வேண்டும். பலர் இந்த இடத்தில்தான் அவசரப்படுகின்றார்கள். பிறகு 20 கிராம் வீதம் உருட்டி, அரைச் சென்ரிமீற்றர் தடிப்பில் தட்டினால் ஏறத்தாழ முப்பது விசுக்கோத்து வரும்.

சவர்க்காரச் சுவைக்கு வருகின்றேன். அப்பச்சோடாவுக்குப் புளிப்பு வேண்டும். புளிப்பு இல்லாமல் சூடு மட்டும் பட்டால், அது காரமான சோடியம் காபனேற்றாக மாறி நாக்கில் தங்கிவிடும். அதிலும் பனங்கட்டியின் கதை தனி. பனையின் இனிப்புச் சாறான கருப்பநீர் புளித்துக் கள்ளாகிவிடாமல் இருக்க முட்டியின் உட்புறத்தில் சுண்ணாம்பு பூசித்தான் இறக்குகின்றார்கள். அந்தச் சுண்ணாம்பில் சிறிதளவு பனங்கட்டியிலும் தங்கியிருக்கக்கூடும். சுண்ணாம்பும் காரம், சோடாவும் காரம் என்றால் புளிப்புக்கு எங்கே போவது? தேவையான புளிப்பைத் தன்னுள்ளேயே கொண்டிருக்கும் பேக்கிங் பவுடரைப் பயன்படுத்துங்கள். சோடாதான் வீட்டில் இருக்கின்றது என்றால் கால் தேக்கரண்டிக்கு மேல் போடாமல், களியில் ஒரு மேசைக்கரண்டி பாலைக் குறைத்து அந்த இடத்துக்குப் புளித்த தயிரைச் சேருங்கள்.

பனங்கட்டியைக் கரைத்துப் பாகாகச் சேர்த்தால் விசுக்கோத்து இளகும். சீவிச் சேர்த்தால் மொறுமொறுப்பாக வரும். மண்ணும் தூசியும் இருக்கும் என்று பயந்து கரைக்கின்றீர்கள் என்பது விளங்குகின்றது. அப்படியானால் மிகக் குறைந்த தண்ணீரில் கரைத்து வடித்து, மறுபடியும் காய்ச்சிக் கட்டியாக இறுக்கிய பிறகு சீவிக்கொள்ளுங்கள். குட்டான் என்ற சிறு பனையோலைப் பெட்டியோடு வாங்கும் நல்ல பனங்கட்டிக்கு இந்தப் பாடு பெரும்பாலும் தேவைப்படாது.

இனி வேகவிடும் விதம். வெள்ளை மாவில் செய்யும்போது நிறத்தைப் பார்த்து எடுத்துவிடலாம். குரக்கன் போறணைக்குள் போகும்போதே கபில நிறம்; கருகினாலும் கண்ணுக்குத் தெரியாது. உங்கள் கைப்பில் ஒரு பங்கு அடி கருகியதால் வந்ததாகவும் இருக்கலாம், ஏனென்றால் 180 பாகையில் இருபது நிமிடம் பனங்கட்டி சேர்ந்த மாவுக்கு அதிகம், அதுவும் சூடேறும் கம்பி தட்டுக்கு மிக அருகில் இருக்கும் சிறிய போறணையில். 165 பாகையில் பதினெட்டு நிமிடம் வையுங்கள். பாதி நேரத்தில் தட்டை முன்பின்னாகத் திருப்புங்கள். எள்ளு வாசம் எழும்பி, ஓரத்தை மெல்லத் தூக்கினால் விசுக்கோத்து வளையாமல் எழும்பவேண்டும். அதன் பின் சூட்டை 120 பாகைக்குக் குறைத்து இன்னும் பதினைந்து நிமிடம் உள்ளேயே உலரவிடுங்கள். மறுநாள் மெத்தென்று ஆகாமல் காப்பது இந்த இரண்டாவது சூடுதான். வெளியே எடுத்தவுடன் தொடாமல் பத்து நிமிடம் தட்டிலேயே விட்டுவிடுங்கள். சூட்டோடு எடுத்தால் எந்த விசுக்கோத்தும் உடையும்.

கரவெட்டி ஆச்சி எழுதியது:

பிள்ளை, உன் கைப்புக்கு முதற் காரணம் ஒடியல் மா. பனங்கிழங்கைப் பச்சையாகக் கிழித்துக் காயவிட்டால் ஒடியல். அவித்துக் காயவிட்டால் புழுக்கொடியல். பச்சை ஒடியல் மாவை நாங்கள் எந்தக் காலத்திலும் அப்படியே சமைத்தது இல்லை. பிட்டு அவிப்பதற்கு முன் தண்ணீரில் ஊறவிட்டு, தெளிந்த நீரை ஊற்றிவிட்டு, துணியில் பிழிந்தெடுத்த பிறகே நீத்துப்பெட்டிக்குள் போடுவோம். அந்தத் தண்ணீரோடுதான் கைப்பு போகும். நீ உலர்ந்த மாவை அப்படியே விசுக்கோத்துக்குள் போட்டால் கைப்பு முழுவதும் உள்ளேயே இருந்துவிடும். பனையின் மணம் வேண்டும் என்று விரும்பினால் புழுக்கொடியல் மாவைச் சேர். தேங்காய்ப்பூவும் பனங்கட்டியும் போட்டு இடித்து உருண்டையாகப் பிடித்து நாங்கள் தின்றது அந்த மாதான். அதுவும் முதன் முறை இரண்டு மேசைக்கரண்டிக்கு மேல் வேண்டாம். பனை அபிவிருத்திச் சபையின் விற்பனை நிலையத்தில் கேட்டுப் பார்.

மின்சாரப் போறணை இல்லாதவர்களும் இதை வாசிக்கக்கூடும் என்பதால் இன்னொன்றையும் எழுதுகின்றேன். 1990களின் முற்பகுதியில் குடாநாட்டில் மின்சாரம் இல்லாத ஆண்டுகளில், மண்ணெண்ணெய் போத்தல் கணக்கில் அரிதாகக் கிடைத்த காலத்தில், நான் பெரிய அலுமினியச் சட்டியில் மணல் பரப்பி விசுக்கோத்துச் சுட்டிருக்கின்றேன். மூன்று விரல் உயரத்துக்கு மணல், அதன்மேல் மூன்று ஓட்டுத் துண்டுகள், அவற்றின்மேல் தட்டு. சட்டியைத் தட்டையான மூடியால் மூடி, கீழே விறகுத் தணலும் மூடியின்மேல் சிரட்டைத் தணலும் வைக்கவேண்டும். மேல் தணல் இல்லாவிட்டால் அடி கருகி மேல் வேகாது. சூட்டை அறிவதற்கு, ஒரு சிறிய தட்டில் கோதுமை மாவைத் தூவி உள்ளே வைத்து ஐந்து நிமிடத்தில் திறந்து பார்ப்பேன். மா இளம் பழுப்பாக இருந்தால் பதம். கருத்திருந்தால் மேல் தணலில் பாதியை எடுத்துவிடுவேன். எல்லாம் சுட்டு முடிந்த பிறகு விசுக்கோத்துக்களை மறுபடியும் அதே சட்டிக்குள், தணல் சாம்பல் பூத்த சூட்டில், ஒரு மணி நேரம் மூடி வைப்பேன். மேலே சுன்னாகத்துப் பிள்ளை சொன்ன இரண்டாவது சூடு அதுதான். அப்படிச் சுட்ட விசுக்கோத்து இரண்டு கிழமை இருந்தது.

சத்துணவு மாணவி எழுதியது:

அக்காவின் அக்கறை என் மனதைத் தொட்டது. நான் ஊட்டச்சத்துத் துறையில் படித்துக்கொண்டிருப்பவள் என்ற முறையில் சிலவற்றைச் சேர்க்க விரும்புகின்றேன்.

குரக்கனைத் தேர்ந்தெடுத்தது மிக நல்லது. 100 கிராம் குரக்கனில் 350 மில்லிகிராம் அளவுக்குக் கல்சியம் உண்டு. வேறு எந்தத் தானியமும் அதற்கு அருகில் வராது. ஆனால் அதிலுள்ள பைற்றேற்று என்ற பொருள் கல்சியத்தையும் இரும்பையும் பிடித்து வைத்துக்கொள்வதால் உடல் முழுவதையும் எடுத்துக்கொள்வதில்லை. குரக்கனை இரவு ஊறவிட்டு, துணியில் கட்டி முளைக்க வைத்து, வெயிலில் காயவிட்டு, இளஞ்சூட்டில் வறுத்துத் திரிப்பித்தால் அந்தப் பிடி தளர்கின்றது. மாவுக்கு இயல்பான ஓர் இனிப்பும் வருவதால் பனங்கட்டியைச் சற்றுக் குறைக்கலாம்.

பனங்கட்டியைப் பற்றி மட்டும் ஒளிக்காமல் சொல்லவேண்டும். வெள்ளைச் சீனியில் இல்லாத சில கனியுப்புகள் அதில் உண்டு, மணமும் உண்டு. ஆனாலும் அதன் பெரும் பகுதி சீனியில் இருக்கும் அதே சுக்குரோசுதான். உலக சுகாதார நிறுவனம் 2015இல் வெளியிட்ட வழிகாட்டலின்படி, சேர்க்கப்படும் சீனி ஒரு நாளில் உட்கொள்ளும் சக்தியின் 10 வீதத்துக்குக் குறைவாகவும், இயலுமானால் 5 வீதத்துக்குக் குறைவாகவும் இருப்பது நல்லது. வளர்ந்தவர் ஒருவருக்கு 5 வீதம் என்பது ஏறத்தாழ 25 கிராம். சிறு பிள்ளைக்கு அதிலும் குறைவு. மேலே தரப்பட்ட அளவில் 90 கிராம் பனங்கட்டி முப்பது விசுக்கோத்துக்குப் பங்கிடப்படுவதால் ஒன்றில் மூன்று கிராம் வருகின்றது. மகனுக்கு மூன்று, மகளுக்கு நான்கு என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். வீட்டில் நீரிழிவு உள்ள பெரியவர்கள் இருந்தால், பனங்கட்டிதானே என்று எண்ணி அவர்களுக்கு அள்ளிக் கொடுத்துவிடாதீர்கள்.

விசுக்கோத்தோடு என்ன குடிக்கின்றார்கள் என்பதும் முக்கியம். தேயிலையிலுள்ள தனின் இரும்பு உறிஞ்சப்படுவதைக் குறைக்கின்றது. வளரும் பெண்பிள்ளைக்கு இரும்பு மிகவும் வேண்டும். தேத்தண்ணீருக்குப் பதிலாக ஒரு குவளை பாலும், கையில் ஒரு கொய்யாப்பழமோ இதரை வாழைப்பழமோ கொடுங்கள். விசுக்கோத்து தனியே ஒரு காலை உணவு ஆகாது. பாலும் பழமும் சேர்ந்தால்தான் பத்தரை மணி இடைவேளை வரைக்கும் தாங்கும்.

நல்லூர் ஆசிரியர் எழுதியது:

பட்டருக்குப் பதிலாக நல்லெண்ணெய் சேர்க்கலாமா என்று என்னிடம் ஒருவர் கேட்டிருந்தார். இங்கேயே மறுமொழி தருகின்றேன். சேர்க்கலாம், ஆனால் பட்டரில் ஆறில் ஒரு பங்களவு தண்ணீர் இருப்பதால் 100 கிராம் பட்டருக்கு 80 கிராம் எண்ணெய் போதும். எண்ணெயில் செய்தது சற்று மணல்போல் நொறுங்கும் என்பதால் களியை ஒரு கரண்டி கூட்டிக்கொள்ளுங்கள். எள்ளு மணம் பனங்கட்டியோடு நன்றாகப் பொருந்துகின்றது. எங்கள் வீட்டில் இப்போது பட்டரில் செய்வதே இல்லை.

இன்னொரு செய்தியும் இங்கே பொருந்தும். பாண், போறணை, விசுக்கோத்து என்ற சொற்கள் யாவும் 1619இல் யாழ்ப்பாண அரசைக் கைப்பற்றிய போர்த்துக்கேயரின் மொழியிலிருந்து எங்களிடம் தங்கியவை. விசுக்கோத்து என்ற சொல்லின் இலத்தீன் மூலத்துக்கு இருமுறை வெந்தது என்று பொருள். கப்பலில் மாதக் கணக்கில் கெடாமல் இருப்பதற்காக அதை இரண்டாவது முறையும் போறணைக்குள் வைத்து உலர்த்தினார்கள். ஆச்சி சாம்பல் பூத்த தணலில் ஒரு மணி நேரம் வைத்தது அந்தப் பெயருக்கு முற்றிலும் பொருந்திய செயல்.

கொக்குவில் தாய் எழுதியது:

எல்லோருக்கும் மனமார்ந்த நன்றி. ஞாயிற்றுக்கிழமை சுன்னாகத்துத் தங்கச்சி தந்த அளவிலேயே செய்தேன். ஒடியல் மாவை முற்றாக விட்டுவிட்டேன். களி கிளறும்போது இது சரிவருமா என்று ஐயமாக இருந்தது. ஆனால் திரட்டிய மா கையில் ஒட்டாமல் உருண்டது. முதல் தட்டில் பின்வரிசையில் இருந்த நான்கும் சற்றுக் கருகின. இரண்டாவது தட்டை எட்டாவது நிமிடத்தில் திருப்பியதால் ஒன்றுகூடப் பழுதாகவில்லை. சவர்க்காரச் சுவை போய்விட்டது. மாமி இரண்டு தின்றுவிட்டு, எள்ளுப்பாகு மணக்கின்றது என்றார். இன்று காலை மகன் மூன்றைத் தின்று, பாலும் குடித்துவிட்டு, நண்பனுக்கு என்று நான்காவதைக் கேட்டு வாங்கிக்கொண்டு போனான். மாலையில் சீருடைப் பையைப் பார்த்தேன்; தூள்கூட இருக்கவில்லை.

இன்னும் ஒரு கேள்வி உண்டு. மாரி தொடங்கிவிட்டால் எங்கள் வீட்டில் உப்பே கரைந்து நிற்கும். அந்த நாட்களில் இதை எப்படி வைத்திருப்பது?

சுன்னாகம் வீட்டுப் போறணை எழுதியது:

கேட்க மிகவும் சந்தோசம் அக்கா. மாரி காலத்தில் முப்பதையும் ஒரே நாளில் சுடவேண்டாம். திரட்டிய மாவைக் குழல்போல் உருட்டி, எண்ணெய்த்தாளில் சுற்றி உறைகுளிரில் வைத்தால் ஒரு மாதம் இருக்கும். வேண்டியபோது வட்டமாக வெட்டிச் சுடலாம். சுட்டதை முற்றாக ஆறவிட்டு, இறுக்கமாக மூடும் தகரப் பேணியில் போட்டு, அடியில் ஒரு சிறிய துணிப்பையில் வறுத்த அரிசி ஒரு கைப்பிடி கட்டி வையுங்கள். பதம் மாறிவிட்டால் எறிந்துவிடாதீர்கள். 130 பாகையில் எட்டு நிமிடம் வைத்து ஆறவிட்டால் மறுபடியும் மொறுமொறுப்பாகிவிடும். ஆட்டா மாவையும் குரக்கன் மாவையும் மட்டும் மாரிக்கென்று கூட்டி வாங்கி வைக்காதீர்கள்; தவிட்டிலுள்ள எண்ணெய் காறிவிடும். ஒவ்வொரு முறையும் மாவை மணந்து பார்த்த பிறகே எடுங்கள்.